பைப்பரின் சுரங்கமும் எங்கள் தண்ணீர்த் தொட்டியும்

எனக்குப் பேய் நம்பிக்கை கிடையாது. ஊரில் இருந்தபோதும் கிடையாது, ஷார்ஜா தொழில்பேட்டைக்கு வந்த பிறகும் கிடையாது. இதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். நம்பிச் சொன்ன கதையாக இருந்தால் என்னை நானே ஒருவேளை மன்னித்திருப்பேன். நம்பாமல் சொன்னேன். அதுவும் நன்றாகச் சொன்னேன். கதை சொல்வதில் எனக்கு எப்போதும் கொஞ்சம் கொழுப்பு உண்டு.

நான் சேஃப்டி ஆபீசர். ஹெல்மெட் போடு, பெல்ட் மாட்டு என்று நாள் முழுக்கக் கத்துகிற, ஒருவருக்கும் பிடிக்காத உத்தியோகம். அப்போது நாங்கள் கட்டிக்கொண்டிருந்தது ஒரு பெரிய கிடங்கு. அதன் பின்பக்கம் தரைக்கு அடியில் ஒரு தண்ணீர்த் தொட்டி. நடுவில் சுவர் வைத்து இரண்டு அறைகள். சுவரின் அடியில் ஆள் குனிந்து போகிற அளவுக்கு ஒரு திறப்பு. மேலே சதுரமாக ஒரு வாய், அதிலிருந்து உள்ளே இறங்க ஒரு இரும்பு ஏணி. தண்ணீர் இன்னும் நிரப்பவில்லை. பெர்மிட் இல்லாமல் அந்தத் தொட்டிக்குள் ஒருவனும் இறங்கக் கூடாது. அந்தக் கோடையில் என் தலைக்கு மேல் இருந்த பெரிய கவலை இதுதான். மூடிக் கிடக்கிற இடத்தில் காற்று எப்போது கெடும் என்று பார்த்துச் சொல்ல முடியாது. கெட்டுவிட்டால் உள்ளே இருப்பவனுக்குத் தூக்கம் வருவதுபோல் இருக்கும். அவ்வளவுதான். எழுந்திருக்க மாட்டான்.

ஆனால் அது குளுகுளுவென்று இருந்தது. தொல்லையே அங்கேதான். இங்கே கோடையில் மதியம் பன்னிரண்டரையிலிருந்து மூன்று மணி வரை வெயிலில் வேலை வாங்கக் கூடாது. ஆட்கள் சாப்பிட்டுவிட்டு ஷெட்டில் படுக்க வேண்டும். ஷெட்டில் ஃபேன் உண்டு. அந்த ஃபேன் அனல் காற்றை ஒரு மூலையிலிருந்து எடுத்து இன்னொரு மூலையில் கொட்டும். தரைக்கு அடியில் நிழலாக, ஈரம் மிச்சமிருக்கிற கான்கிரீட்டில் ஒரு இடம் இருக்கிறது என்று எவனோ ஒருவன் கண்டுபிடித்துவிட்டான். ஒரு நாள் மதியம் டார்ச் அடித்துப் பார்க்கிறேன், உள்ளே நாலு பேர் அட்டையை விரித்து வரிசையாகப் படுத்துக் குறட்டை விடுகிறார்கள். எனக்கு வந்த ஆத்திரத்தில் ஹெல்மெட்டைக் கழற்றித் தரையில் அடித்தேன்.

மண்டை ஓடு படம் போட்டு மூன்று பாஷையில் எழுதி வைத்தேன். படத்துக்கு எவனோ மீசை வரைந்தான். வார்னிங் லெட்டர் கொடுத்தேன். பூட்டுப் போட்டேன். பலகை பிரிக்கிறவன், பைப் போடுகிறவன் என்று ஆளாளுக்கு உள்ளே வேலை இருந்ததால் சாவி கை மாறிக்கொண்டே இருந்தது. மதியம் போய்ப் பார்த்தால் மறுபடி குறட்டை.

எங்கள் சேஃப்டி மேனேஜர் ஸ்காட்லாந்துக்காரர். பாறை மேல் கோட்டை, கோட்டைக்குக் கீழே கல்லால் கட்டிய பழைய ஊர், அப்படி ஒரு இடத்தில் பிறந்து வளர்ந்தவர். அந்த ஊரில் பேய் இல்லாத வீடு கிடையாது என்று பெருமையாகச் சொல்வார், நம் ஆட்கள் கோயில் இல்லாத ஊர் கிடையாது என்று சொல்கிற மாதிரி. போர்ட்டா கேபினில் ஏசியைக் கூட்டி வைத்துவிட்டு, வெளியே வெயில் கண்ணைக் குத்துகிற நேரத்தில், அவர் மழையிலும் பனியிலும் நனைந்த கதைகளைச் சொல்வார். தலையில்லாமல் மதில்மேல் முரசு அடித்துப் போகிறவன். ஓட்டலாக மாறிவிட்ட ஒரு கோட்டையில் மாடிப்படி ஏறிக்கொண்டே இருக்கிற சாம்பல் உடைக்காரி. அந்த அறைதான் வேண்டும் என்று கேட்டு வாங்கித் தங்குகிறார்களாம் ஜனங்கள். கொள்ளைநோய் வந்தவர்களை உள்ளேயே வைத்து அடைத்துவிட்ட ஒரு சந்து. அந்தச் சந்து வழியாகத்தான் அவர் பள்ளிக்கூடம் போனாராம். ஓடித்தான் போவாராம்.

அதில் ஒரு கதை பைப்பர் கதை. தோல் பையில் காற்றை அடைத்து, அதிலிருந்து குழல் ஊதுகிறார்களே, அந்த ஊதுகிறவன்தான் பைப்பர். கோட்டைக்கு அடியில் வேலை செய்கிறவர்கள் ஒரு சுரங்கத்தின் வாயைக் கண்டார்கள். அது எங்கே போகிறது என்று ஒருவருக்கும் தெரியாது. ஒரு பைப்பரைக் கூப்பிட்டு, நீ ஊதிக்கொண்டே உள்ளே போ, நாங்கள் மேலே தெருவில் சத்தத்தைத் தொடர்ந்து வருகிறோம், சுரங்கம் எந்தப் பக்கம் போகிறது என்று தெரிந்துவிடும் என்றார்கள். அவன் ஊதிக்கொண்டே போனான். மேலே ஜனங்கள் காதைத் தீட்டிக்கொண்டு கூடவே நடந்தார்கள். பாதித் தெருவில் சத்தம் நின்றுவிட்டது. இன்றைக்கும் கூட்டமில்லாத நாளில் அந்த இடத்தில் நின்றால் காலுக்கு அடியில் குழல் சத்தம் கேட்குமாம்.

மேனேஜர் சிரித்துக்கொண்டு விரல் விட்டு எண்ணினார். உள்ளே காற்றைச் சோதிக்கவில்லை. இடுப்பில் கயிறு கட்டவில்லை. வாயில் காவலுக்கு ஆள் இல்லை. இவனுக்கு யார் பெர்மிட் கொடுத்தது? நாளைக் காலை கூட்டத்தில் இதைச் சொல், போஸ்டரைவிட மண்டையில் ஏறும் என்றார்.

அன்று இரவுச் சாப்பாட்டில் வீட்டில் ஒத்திகை பார்த்தேன். நாங்கள் பர் துபாயில் இருந்தோம். மனைவிக்கு என் கதைகள் பழக்கம். "கண்ணு காது மூக்கு வச்சிருவீங்களே" என்று சொல்லிவிட்டு ரசம் ஊற்றினாள். இங்கேயே வளர்ந்த என் மகள் மட்டும் தட்டில் கை வைத்தபடி கேட்டாள். "தென் ஹூ வென்ட் டு லுக் ஃபார் ஹிம், அப்பா?" அவனைத் தேடி யார் போனது என்கிறாள். "சாப்பிடு, ஆறுது" என்றேன். எனக்குத் தெரியவில்லை, அதனால்தான்.

காலைக் கூட்டத்தில் ஹிந்தியில் எல்லோருக்கும் மேனேஜர் சொன்னபடி சொன்னேன். கதை, கயிறு, காவல் ஆள், முடிந்தது. தலையாட்டினார்கள். பிறகு நம் ஆட்கள் ஒரு பத்துப் பன்னிரண்டு பேரைத் தனியாக நிறுத்தித் தமிழில் ஆரம்பித்தேன். ராமநாதபுரம், புதுக்கோட்டை, கள்ளக்குறிச்சிப் பக்கத்து ஆட்கள். தொட்டியில் படுக்கிறவர்களில் பாதிக்கு மேல் இவர்கள்தான். அவர்களுடைய முகத்தைப் பார்த்தேன். ஸ்காட்லாந்துக் கோட்டை அவர்களுக்கு எங்கேயோ இருந்தது. அதைத் தூக்கி எங்கள் தொட்டிக்குள் வைத்தேன்.

இதே மனையில் முன்னால் வேறு கம்பெனி குழி எடுத்தபோது மண் சரிந்து ஒரு ஆள் உள்ளே போய்விட்டான், தோண்டித் தோண்டிப் பார்த்தும் ஆள் கிடைக்கவில்லை, அவனும் தமிழ்தான் என்றேன். எல்லாம் பச்சைப் பொய். அவன் மதிய நேரத்தில் தனியாக வருகிறவனைத் தொட்டியிலிருந்து கூப்பிடுவான் என்றேன். இதோடு நிறுத்தியிருக்கலாம். நாக்கு நிற்கவில்லை. "தெரிஞ்சவங்க குரல்லயே கூப்பிடும். முறை சொல்லிக் கூப்பிடும். அண்ணேங்கும், மாமாங்கும். ஆனா ரெண்டு தடவைதான். மனுஷன்னா மூணு தடவை கூப்பிடுவான். அதுக்கு மூணாவது தடவை வாய் வராது." மூன்று முறை கூப்பிட்டால்தான் என்ன என்று கேட்க வேண்டும் என்பது ஊரில் எல்லோர் வீட்டிலும் சொல்கிற சங்கதி. அதை எடுத்து பைப்பரின் வாயில் வைத்தது மட்டும்தான் என் கைவண்ணம். நான் சொல்லச் சொல்ல அவர்கள் ஒருவரோடு ஒருவர் நெருங்கி நின்றார்கள். காலை ஆறு மணி, அதற்குள் சட்டை நனைகிற புழுக்கம், ஒருவன் தன் கையைத் தானே தேய்த்துக்கொண்டான். எனக்கு அது பிடித்திருந்தது.

முதலில் சிரித்தவன் ஒருவன்தான். முதுகுளத்தூர் பக்கத்துக் கார்ப்பெண்டர். "சார், பேயி இங்க வர்றதுக்கு விசா எவன் குடுத்தான்? அதுக்குக் கஃபீல் யாரு?" என்று கேட்டான். எல்லோரும் சிரித்தார்கள், கொஞ்சம் தாமதமாக. பொறுப்பேற்று விசா கொடுக்கிற கஃபீல் இல்லாமல் இந்த நாட்டில் பேய்கூட நிற்க முடியாது என்று நானும் சிரித்தேன்.

அவனுடன் அவன் தங்கையைக் கட்டியவனும் வேலை பார்த்தான். விசா எடுத்து அவனை வரவழைத்ததே இந்தக் கார்ப்பெண்டர்தான். ஒருவன் வாய் ஓயாமல் "மாப்ள, மாப்ள" என்பான், இன்னொருவன் "மச்சான்" என்பான். சைட்டில் பாகிஸ்தானிகள்கூட அவர்களை மச்சான், மாப்ள என்றே கூப்பிட்டார்கள். நானும் அப்படியே சொல்கிறேன். மாப்பிள்ளை அதிகம் பேசாதவன், கையில் கறுப்புக் கயிறு கட்டியிருப்பான். கூட்டம் கலைந்த பிறகு அவன் மட்டும் நின்றான்.

"சார், மூணு தடவ கூப்பிட்டா போகலாமா?"

கேலி செய்கிறானோ என்று பார்த்தேன். இல்லை. கண்ணை இமைக்காமல் கேட்டான். நான் ஹெல்மெட்டைச் சரிசெய்துகொண்டு, பெர்மிட் கையெழுத்துப் போடுகிற அதே அதிகாரத்தோடு சொன்னேன். "மூணு தடவை கூப்பிட்டா மனுஷன். தாராளமாப் போ."

அன்றைக்கே தொட்டி காலியானது. பூட்டு, போஸ்டர், லெட்டர் எதுவும் செய்யாததை ஒரு கதை செய்தது. நம் ஆட்கள் தொட்டிப் பக்கம் போவதையே விட்டார்கள். கம்பி எடுக்கப் போனால்கூட கிடங்கைச் சுற்றிக்கொண்டு போனார்கள். அவர்கள் போகாததால் கூடப் படுத்த நேபாளிகளுக்கும் துணை இல்லாமல் போய் அவர்களும் ஷெட்டுக்கு வந்துவிட்டார்கள். மேனேஜர் என் முதுகில் தட்டினார்.

பிறகு கதை என் கையை விட்டுப் போனது. ஒருவன் உள்ளே இருமல் சத்தம் கேட்டது என்றான். இன்னொருவன் கட்டம் போட்ட லுங்கியைப் பார்த்தேன் என்றான். ஒரு நாள் காலையில் தொட்டியின் பலகை மூடிமேல் குங்குமம் தடவி அறுத்த எலுமிச்சம்பழம் கிடந்தது. நான் அதைக் காலால் தள்ளிவிட்டேன். தள்ளிய கால் கொஞ்ச நேரம் எனக்கு வித்தியாசமாகவே இருந்தது. தினமும் மதியம் காற்றைச் சோதிக்கிற மீட்டரை எடுத்துக்கொண்டு தனியாகப் போவேன். சைட் முழுக்க ஓய்ந்து கிடக்கும். கிரேன் அசையாது. பலகையைத் தூக்குவதற்கு முன்னால் ஒரு நிமிடம் நின்று காது கொடுக்கிறேன் என்பதைக் கவனித்தேன். என்ன எதிர்பார்த்தேன் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. எதுவும் கேட்காது. கேட்காததும் நன்றாக இல்லை.

மேனேஜரிடம் எலுமிச்சம்பழத்தைப் பற்றிச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. "உனக்கென்று ஒரு பேய் வந்துவிட்டது. வரவழைப்பது சுலபம். அதை வெளியே அனுப்பிப் பார்" என்றார்.

இனி வெட்கக்கேட்டைச் சொல்கிறேன். தொட்டிக்குப் பூட்டுப் போடுவதை நான் மெல்ல விட்டுவிட்டேன். சாவிக்கு அலைய வேண்டாம், கையெழுத்து வாங்க வேண்டாம், மஞ்சள் டேப் ஒன்று கட்டினால் போதும். பூட்டைவிடப் பேய் நல்ல காவல் என்று எனக்குத் தோன்றிவிட்டது. நம்பிக்கை இல்லாதவன் நான்தான், பேயை வேலைக்கு வைத்தவனும் நான்தான்.

அந்த வாரம் தொட்டியின் உள் அறைக்குத் தண்ணீர் கசியாமல் இருக்கப் பூச்சு அடித்தார்கள். அந்தப் பூச்சின் நெடி தலையைச் சுற்ற வைக்கும். கனமான நெடி, எளிதில் மேலே வராது, தரையோடு தேங்கி அடித் திறப்பு வழியாக வெளி அறைக்கும் பரவும். அதனால் ஒரு பெரிய ஊதுகுழாய் விசிறி வைத்துக் காற்றை உள்ளே தள்ளிக்கொண்டே இருந்தார்கள். மதிய ஓய்வுக்கு ஜெனரேட்டரை நிறுத்தினார்கள். விசிறியும் நின்றது. பூச்சு அடித்தவர்கள் குழாயை வெளியே இழுத்துப் போட்டு, பலகையை அரைகுறையாக மூடிவிட்டு, சாப்பிடப் போனார்கள். நான் மஞ்சள் டேப்பைப் பார்த்தேன். கட்டியிருந்தது. அது போதும் என்று, மீட்டரை எடுக்காமலே கேபினுக்குப் போய் டிபன் பாக்ஸைத் திறந்தேன். தயிர் சாதம், மாவடு. மேனேஜர் அன்று சாம்பல் உடைக்காரி எதற்காக மாடிப்படி ஏறுகிறாள் என்ற கதையைச் சொன்னார். முழுக்கக் கேட்டேன்.

மூன்று மணிக்குத் தலை எண்ணினார்கள். கார்ப்பெண்டர்களில் ஒரு ஆள் குறைந்தது. மச்சான். மாப்பிள்ளை வரிசையில் நின்றான், உதடு வெளுத்திருந்தது. வெயிலில் மயக்கம் வருகிறதோ என்று நினைத்து அவனுக்குத் தண்ணீர் கொடுத்தேன். "மச்சான் எங்கப்பா?" என்று கேட்டேன். "பஸ்ல படுத்துருக்கேன்னு சொல்லிட்டுப் போச்சு சார்" என்றான். பஸ்ஸில் பார்த்தார்கள். இல்லை. டாய்லெட்டில் இல்லை. ஃபோர்மேன் போன் அடித்தார். ரிங் போகவில்லை.

போன் எடுபடாத இடம் சைட்டில் ஒன்றுதான். நான் ஓடினேன். டேப் அறுபடவில்லை, அடியில் நுழைந்து போயிருக்கிறான். பலகையைத் தள்ளியதும் நெடி முகத்தில் அடித்தது. டார்ச்சை உள்ளே அடித்தேன். எட்டத்துச் சுவரோரம் அட்டை விரித்திருந்தது, தலைக்கு மடித்து வைத்த துண்டோடு. ஆள் அங்கே இல்லை. ஏணிக்குக் கீழே குப்புறக் கிடந்தான். ஒரு கை ஏணியின் முதல் கம்பியில் இருந்தது. ஒரு காலில் மட்டும் செருப்பு இருந்தது.

யாரையும் இறங்க விடாமல் நான் தொட்டியின் வாயை மறித்து உட்கார்ந்துகொண்டேன். மாப்பிள்ளை என் பின்னால் நின்றான். முதுகில் ஆக்சிஜன் கட்டிக்கொண்டு இறங்கத் தெரிந்தவர்கள் வந்து அவனை மேலே எடுத்தார்கள். முகத்தில் வலி எதுவும் இல்லை. எல்லோரும் ஆறுதலுக்குச் சொல்வது இது, ஆனால் உண்மையாகவே இல்லை. விசா கேட்டுச் சிரித்தவன், பேயை நம்பாத ஒரே ஆள், எல்லோரும் பயந்து விலகிப் போனதால் தனக்கு மட்டும் கிடைத்த குளிர்ந்த இடத்தில் படுத்திருக்கிறான். கேம்ப்பில் அவர்கள் ரூம் ஏசி இரண்டு நாளாக ஓடவில்லை என்று பிறகுதான் தெரிந்தது.

போலீஸ், கேள்விகள், காகிதங்கள். பூட்டுப் போடாதது என் தப்பு என்று எழுதிக் கொடுத்தேன். ஆனால் அதில் பேயைப் பற்றி எழுதவில்லை. எந்தக் கட்டத்தில் எழுதுவது? வெளியே வந்ததும் மேனேஜர், யாரும் அவசரப்பட்டு அவன் பின்னால் இறங்காமல் இருந்தார்களே, அது போதும் என்றார். இப்படிப்பட்ட இடங்களில் ஒருவன் விழுந்தால் தூக்கப் போகிறவனும் விழுவான், எப்போதும் இரண்டாவது பிணம் தூக்கப் போனவனுடையதாக இருக்கும் என்றார். அவர் சொன்னதை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். என் கதை ஒருவனைத் தடுக்கவில்லை, மற்றவர்களைத் தடுத்தது என்று கணக்குப் பார்த்துக்கொண்டேன்.

அப்போதுதான் என் மகள் கேட்ட கேள்வி நினைவுக்கு வந்தது, மேனேஜரிடமே கேட்டேன். "அந்தப் பைப்பரைத் தேடி யார் உள்ளே போனது?"

அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். இந்தக் கேள்வியை அவர் ஊரில் யாரும் கேட்டதில்லை போலிருக்கிறது. "யாரும் போகவில்லை. சுரங்கத்தின் வாயை அடைத்துவிட்டார்கள்" என்றார்.

எங்கள் தொட்டியையும் அன்று சாயங்காலமே பெரிய பூட்டுப் போட்டு அடைத்தார்கள்.

உடல் ஊருக்குப் போகக் காகிதங்கள் சேரப் பல நாட்கள் ஆயின. கூடவே மாப்பிள்ளை போவதாக ஏற்பாடு. அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை மதியம், மச்சானின் சாமான்களைப் பெட்டி கட்ட உதவுவதற்காகக் கேம்ப்புக்குப் போனேன். யாரும் என்னைப் போகச் சொல்லவில்லை. வீட்டில் உட்கார முடியவில்லை.

இரண்டடுக்குக் கட்டில்கள் மூன்று. ஏசி இப்போது ஓடியது. மற்றவர்கள் நான் வந்ததும் வெளியே போய் வராந்தாவில் நின்றுகொண்டார்கள். மச்சானின் மெத்தையைச் சுருட்டி வைத்திருந்தார்கள். மாப்பிள்ளை அட்டைப் பெட்டிக்குள் ஒவ்வொன்றாக வைத்தான். சட்டைகள், பெட்ஷீட், தங்கச்சிக்கு என்று முன்பே வாங்கி வைத்திருந்த ஒரு ஃபேஷியல் கிரீம், தைல பாட்டில், பிரிக்காத சாக்லேட் பாக்கெட்டுகள். மச்சானுடைய தங்கை என்றால் இவன் மனைவி. அந்தக் கிரீமை வைக்கும்போது மட்டும் அவன் கை தயங்கியது. நான் ஸெல்லோ டேப்பை இழுத்துப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"நீங்க மட்டும் அன்னைக்குச் சொல்லலேன்னா நானும் போயிருப்பேன் சார்" என்றான்.

எனக்குப் புரியவில்லை. எங்கே என்றேன்.

"தொட்டிக்குள்ள. அன்னைக்கி என்னைக் கூப்பிட்டுச்சு சார்."

கட்டிலில் உட்கார்ந்தேன். அவன் நின்றபடியே, பெட்டிக்குள் பார்த்துக்கொண்டு சொன்னான். சாப்பிட்ட பிறகு மச்சானுக்கு மோர் பாக்கெட் கொடுக்கலாம் என்று பஸ்ஸுக்குப் போயிருக்கிறான். பஸ்ஸில் ஆள் இல்லை. பின்பக்கம் நிழலில் எங்காவது படுத்திருப்பார் என்று தேடிக்கொண்டு கிடங்கைச் சுற்றி வந்திருக்கிறான். தொட்டிக்கு ஒரு பத்தடி தள்ளி வரும்போது கேட்டிருக்கிறது.

"மாப்ளன்னுச்சு சார். மச்சான் கொரல் மாதிரியே. நீங்க சொன்ன மாதிரியே முறை சொல்லிக் கூப்பிட்டுச்சு. எனக்கு அப்படியே ஒடம்பெல்லாம் சிலுத்துப் போச்சு. காலு நகரல. மறுபடியும் மாப்ளன்னுச்சு. ஆனா இது ரொம்ப மெதுவா. தூக்கத்துல பேசுற மாதிரி."

பெட்டியிலிருந்து ஒரு சட்டையை எடுத்து மறுபடி மடித்தான்.

"நான் ஓடல சார். நீங்க சொன்னீங்கல்ல, மூணு தடவ கூப்பிட்டா மனுசன்னு. அதுக்காக நின்னேன். மோர் பாக்கெட் கையிலயே சுட்டுப் போச்சு, அவ்ளோ நேரம் நின்னேன். மூணாவது தடவ கூப்பிடவே இல்ல. அப்பறம்தான் ஓடியாந்தேன். யார்ட்டயும் சொல்லல. சிரிப்பாய்ங்கன்னு."

அந்த ஏணியின் முதல் கம்பியில் இருந்த கை என் கண் முன்னால் வந்தது. அவன் எழுந்து, ஒரு செருப்போடு ஏணி வரைக்கும் வந்திருக்கிறான். மேலே காலடிச் சத்தம் கேட்டிருக்கும். யார் காலடி என்றும் தெரிந்திருக்கும். ஒரே ரூமில் இருக்கிறவர்களுக்கு அது தெரியும். கூப்பிட்டிருக்கிறான். காலடி நின்றதும் உதவி வந்துவிட்டது என்று நினைத்திருப்பான். இரண்டாவது முறை கூப்பிட்டபோதே அவனுக்கு மூச்சு முடிந்துகொண்டிருந்திருக்கும். மேலே இவன் நின்றுகொண்டிருக்கிறான், நான் கொடுத்த பெர்மிட்டுக்காக. அந்த வழியில் ஒரு பட்டான் போயிருந்தால், ஒரு நேபாளி போயிருந்தால், சத்தம் கேட்டதும் கத்தி ஊரைக் கூட்டியிருப்பான். அவர்களுக்கு நான் ஹிந்தியில் கயிறும் காவல் ஆளும் மட்டும்தான் சொல்லியிருந்தேன். எனக்கு அந்த அறையிலிருந்து எழுந்து ஓட வேண்டும் போலிருந்தது.

மாப்பிள்ளை இப்போது என்னைப் பார்த்தான். அன்று கூட்டம் கலைந்த பிறகு நின்று கேட்டானே, அதே பார்வை. இமைக்கவில்லை. ஆனால் கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது. இத்தனை நாளும் தூங்கியிருக்க மாட்டான்.

"மனுசனா இருந்தா மூணு தடவ கூப்பிட்டிருப்பான்ல சார்?"

உண்மையைச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். அப்படி ஒரு பேயே இல்லையப்பா, எல்லாம் நான் கட்டிவிட்டது என்று ஒரு வரி. சொல்லியிருந்தால் எனக்குப் பாரம் இறங்கியிருக்கும். இறங்கிய பாரத்தை அவன் தூக்கிக்கொண்டு விமானம் ஏறி, மச்சானின் தங்கைக்கு முன்னால் போய் நிற்க வேண்டும். அவன் அந்த நம்பிக்கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றான்.

"ஆமாப்பா" என்றேன். "கூப்பிட்டிருப்பான்."

"அப்ப அது மச்சான் இல்ல."

"இல்ல. அது அவன் இல்ல."

அந்தக் கதையை நான் இரண்டாவது முறை சொன்னது அப்போதுதான். முதல் முறை பெருமைக்குச் சொன்னேன். இந்த முறை குரல் நடுங்காமல் பார்த்துக்கொண்டேன். அவன் தலையை ஆட்டினான். பிறகு மூக்கை உறிஞ்சிவிட்டு, பெட்டியின் மூடிகளை மடக்கி அழுத்திப் பிடித்தான். நான் டேப்பை ஒட்டினேன், குறுக்கே ஒன்று, நெடுக்கே ஒன்று, ஓரங்களில் இரண்டு சுற்று. பெட்டிமேல் ஊர்ப் பெயரைக் கொட்டை எழுத்தில் எழுதச் சொன்னான். எழுதினேன்.

வாசல் வரை வந்து என் கையைப் பிடித்துக்கொண்டான். உள்ளங்கை சில்லென்று இருந்தது.

"என் வீட்டுக்காரி கேப்பா சார், அண்ணன் கடைசியா யாரையும் கூப்பிட்டுச்சான்னு. யாரையும் கூப்பிடலன்னு சொல்லிரவா?"

"சொல்லிரு" என்றேன்.